திரைக்கதை எழுதுவது என்றால் என்ன? எர்னஸ்ட் லேமனை வைத்து ஒரு எளிய விளக்கம்

படம் பார்த்துவிட்டு "திரைக்கதை பிரமாதம்" என்று சொல்பவரிடம் எந்த இடம் பிடித்தது என்று கேட்டால், பெரும்பாலும் ஒரு வசனத்தைத்தான் சொல்வார். நாவலையோ நாடகத்தையோ படமாக எடுத்தால், கதைதான் ஏற்கெனவே இருக்கிறதே, எழுத்தாளருக்கு அதில் என்ன வேலை என்று இன்னொருவர் கேட்பார். தயாரிப்பாளரைப் பற்றிப் பேச்சு வந்தால் பணம் போட்டவர் என்பதோடு முடிந்துவிடும். இந்த மூன்று எண்ணங்களும் பாதிக்கு மேல் தவறு. சினிமாவை இவ்வளவு நேசிக்கிற நாம் இதைச் சரியாகப் புரிந்துகொண்டு பேசினால் நன்றாக இருக்கும் என்பதுதான் இதை எழுதக் காரணம்.

பொதுவாகச் சொன்னால் மனதில் நிற்காது. அதனால் ஒரே ஒரு மனிதரின் வேலையை எடுத்துக்கொள்வோம்: எர்னஸ்ட் லேமன். 1915-இல் நியூயார்க்கில் பிறந்தவர், 2005-இல் லாஸ் ஏஞ்சலஸில் இறந்தவர். பெயர் கேள்விப்படாமல் இருக்கலாம், ஆனால் 'சவுண்ட் ஆஃப் மியூசிக்' படத்தின் திரைக்கதை அவருடையது என்றால் ஓரளவு பிடிபடும்.

ஒரே கல்யாணம், இரண்டு பேர் வாயில்

ஒரு கல்யாணத்துக்கு இரண்டு பேர் போய் வருகிறார்கள். அங்கே பெரிய கலாட்டா. திரும்பி வந்ததும் முதல் ஆள் ஆரம்பிக்கிறார்: காலையில் பஸ் கிடைக்கவில்லை, மண்டபத்தில் கூட்டம், டிபனில் பொங்கல் நன்றாக இருந்தது, அப்புறம் பெண் வீட்டுக்காரர்கள் வந்தார்கள்... கேட்பவருக்குக் கொட்டாவி வருகிறது. இரண்டாவது ஆள் எடுத்த எடுப்பிலேயே, "கெட்டி மேளம் கொட்டச் சொல்லிட்டாங்க, மாப்பிள்ளையைக் காணோம்" என்கிறார். எல்லோரும் திரும்பிப் பார்க்கிறார்கள். மாப்பிள்ளை எங்கே போனார் என்பது அவருக்குத் தெரியும், உடனே சொல்ல மாட்டார். பெண்ணின் அப்பா முகம் எப்படி இருந்தது, மாமன்காரர் செல்போனை எடுத்துக்கொண்டு வெளியே ஓடியது என்று ஒவ்வொன்றாக விட்டு, கடைசியில்தான் அவிழ்ப்பார்.

சம்பவம் ஒன்றுதான், சொற்களிலும் பெரிய வித்தியாசம் இல்லை. வேறுபாடு முழுவதும் எதை முதலில் சொல்வது, எதைத் தள்ளிப்போடுவது, எதை விட்டுவிடுவது என்பதில் இருக்கிறது. இதையே கேமராவுக்காக, காட்சி காட்சியாகத் தாளில் செய்து வைப்பதுதான் திரைக்கதை. எந்தக் காட்சி எதற்கு அடுத்து வரும், பார்வையாளருக்கு எந்தத் தகவல் எந்த நிமிடத்தில் கிடைக்கும், அந்தத் தகவல் கதாநாயகனுக்கும் தெரியுமா என்ற முடிவுகள் அதில் இருக்கும். வசனம் அதற்கு மேல் வருகிற ஓர் அடுக்கு. முக்கியமான அடுக்குதான், ஆனால் அடித்தளம் அது இல்லை.

பத்திரிகைத் துணுக்கில் ஆரம்பித்த கை

லேமன் நியூயார்க் சிட்டி காலேஜில் படித்து முடித்துவிட்டு பிரஸ் ஏஜென்ட் ஒருவரிடம் வேலைக்குச் சேர்ந்தார். பிரஸ் ஏஜென்ட் என்பவர், நடிகர், ஓட்டல், நாடகம் என்று தன்னிடம் பணம் கொடுப்பவர்களின் பெயரைப் பத்திரிகையில் வரவைப்பவர். நியூயார்க்கின் நாடக அரங்குகள் நிறைந்த பகுதியான பிராட்வேயில் அன்றைக்கு இது எப்படி நடந்தது என்றால், கிசுகிசுப் பத்தி எழுதுகிற பெரிய புள்ளிகளுக்குத் தினமும் சரக்கு வேண்டும். பிரஸ் ஏஜென்ட் நல்ல நகைச்சுவைத் துணுக்கையோ சூடான வதந்தியையோ இலவசமாகக் கொண்டுபோய்க் கொடுப்பார். பதிலுக்குப் பத்தியின் ஓர் ஓரத்தில் அவருடைய வாடிக்கையாளரின் ஓட்டல் பெயர் வரும். பத்தி எழுதுகிறவர் கோபித்துக்கொண்டால் ஏஜென்ட்டின் பிழைப்பே போய்விடும்.

அந்த உலகத்தை உள்ளே இருந்து பார்த்தவர் அதை ஒரு குறுநாவலாக எழுதினார். 1950-இல் 'காஸ்மோபாலிட்டன்' இதழில் வந்தது. அவர் வைத்த தலைப்பில் 'வாசனை' என்ற பொருள்படும் சொல் இருந்ததால் ஆசிரியர் வேறு தலைப்பு போட்டுவிட்டார். 1957-இல் படமானபோது லேமனின் தலைப்பே திரும்பி வந்தது: 'ஸ்வீட் ஸ்மெல் ஆஃப் சக்சஸ்'. பர்ட் லங்காஸ்டர் பத்தி எழுதுகிற சர்வாதிகாரி, டோனி கர்ட்டிஸ் அவர் காலடியில் கிடக்கிற பிரஸ் ஏஜென்ட்.

நம் விஷயத்துக்கு இந்தப் படம் ஒரு நல்ல பாடம். லேமன் உடல்நலம் கெட்டுப் பாதியில் விலக வேண்டியிருந்தது, நாடக ஆசிரியர் கிளிஃபர்ட் ஓடெட்ஸ் வந்து விரிவாகத் திருத்தி எழுதினார். இன்று ரசிகர்கள் மேற்கோள் காட்டுகிற கத்தி போன்ற வசனங்களில் பெரும்பகுதி ஓடெட்ஸ் கை. ஆனால் அந்த உலகம், அந்த இரண்டு பேர், ஒருவன் இன்னொருவனுக்கு ஏன் அடிபணிகிறான் என்ற முடிச்சு எல்லாம் லேமன் போட்டவை. படத்தில் எழுத்துக்கு இரண்டு பேர் பெயரும் இருக்கிறது.

இதுவரை பார்த்தது: திரைக்கதை என்பது தகவலை அடுக்கும் வேலை, வசனம் அதன் ஒரு பகுதி. இனி அந்த அடுக்கும் வேலை நடப்பதைக் கிட்டத்தில் போய்ப் பார்க்கலாம்.

வெட்டவெளியில் ஒருவன் நிற்கிறான்

திகில் படங்களுக்குப் பேர்போன இயக்குநர் ஆல்ஃப்ரெட் ஹிட்ச்காக்கும் லேமனும் எம்.ஜி.எம். நிறுவனத்துக்காக ஒரு கடல் நாவலைப் படமாக்க உட்கார்ந்தார்கள். லேமனுக்கு அது பிடிபடவே இல்லை, விலகிக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார். ஹிட்ச்காக் அவரை விடாமல், அப்படியானால் வேறு ஏதாவது செய்வோம் என்றார். ரஷ்மோர் மலையில் செதுக்கிய அமெரிக்க அதிபர்களின் முகங்கள் மீது ஒரு துரத்தல் எடுக்க வேண்டும் என்பது ஹிட்ச்காக்கின் பழைய ஆசை. கதை கிடையாது, இப்படிப்பட்ட சில ஆசைகள்தான் கையில். இதிலிருந்து வந்ததுதான் 1959-இல் வெளியான 'நார்த் பை நார்த்வெஸ்ட்'. நாவலோ நாடகமோ இல்லாமல் நேராகத் திரைக்காகவே லேமன் எழுதியது. நியூயார்க்கின் ஐ.நா. கட்டடம், சிகாகோவுக்குப் போகும் ரயில், ரஷ்மோர் மலை என்று கதை போகிற வழியில் அவரே பயணம் செய்து பார்த்துவிட்டு வந்து எழுதினார்.

கதை சுருக்கமாக இதுதான். விளம்பரத் துறையில் வேலை பார்க்கிற தார்ன்ஹில்லை, கேப்லன் என்ற அரசாங்க உளவாளி என்று தவறாக நினைத்து வில்லன்கள் துரத்துகிறார்கள். தன்னைக் காப்பாற்றிக்கொள்ள அவர் கேப்லனைத் தேடி அலைகிறார். தார்ன்ஹில்லாக நடித்தவர் கேரி கிராண்ட்.

இந்தப் படத்தில் எல்லோருக்கும் நினைவிருக்கிற காட்சி, விமானம் அவரை வயல்வெளியில் துரத்துவது. "ஹிட்ச்காக் எப்படி எடுத்திருக்கிறார் பார்" என்போம். எடுத்தது அவர்தான், சந்தேகமே இல்லை. ஆனால் அந்தக் காட்சி ஏன் நம் வயிற்றைப் பிசைகிறது என்பதற்கான ஏற்பாடு முன்பே நடந்துவிட்டது.

படத்தின் முதல் பகுதியில் தார்ன்ஹில்லுக்குத் தெரிந்தது மட்டும்தான் நமக்கும் தெரியும். அப்புறம் லேமன் ஒரு காரியம் செய்கிறார்: கதாநாயகனை விட்டுவிட்டு நம்மை வாஷிங்டனில் ஓர் அலுவலக அறைக்குள் கூட்டிப்போகிறார். உளவுத்துறை ஆட்கள் பேசிக்கொள்கிறார்கள். கேப்லன் என்று ஒருவரே கிடையாது, வில்லன்களை ஏமாற்ற உருவாக்கிய வெறும் பெயர். ரயிலில் தார்ன்ஹில்லுக்கு உதவுகிற ஈவ் என்ற பெண், வில்லனுக்குச் சீட்டு எழுதி அனுப்புவதையும் பிறகு பார்க்கிறோம். அடுத்து அந்த ஈவ்தான், கேப்லன் உங்களைச் சந்திக்க இந்த இடத்துக்கு வருகிறார் என்று வழி சொல்லி அனுப்புகிறாள்.

இப்போது தார்ன்ஹில் பஸ்ஸில் வந்து இறங்குகிறார். கோட்டும் டையுமாக, சுற்றிலும் ஒன்றுமில்லாத ஒரு நெடுஞ்சாலையில். பின்னணி இசை கிடையாது. ஒரு கார் வருகிறது, போய்விடுகிறது. இன்னொன்று, அதுவும் போய்விடுகிறது. வருகிற ஒவ்வொரு வண்டியையும் அவர் ஆசையோடு பார்க்கிறார், நாம் பயத்தோடு பார்க்கிறோம். கேப்லன் வரப்போவதில்லை என்பதும், அனுப்பியவள் எதிரியின் ஆள் என்பதும் நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. பிறகு எதிர்ப்பக்கம் ஒருவன் வந்து பஸ்ஸுக்காக நிற்கிறான். தார்ன்ஹில் சாலையைக் கடந்து போய்ப் பேச்சுக் கொடுக்கிறார். அவன் கேப்லன் இல்லை. பஸ் ஏறப்போகும் நேரத்தில் தூரத்து விமானத்தைப் பார்த்து, பயிரே இல்லாத இடத்தில் மருந்து தெளிக்கிறதே என்று சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போய்விடுகிறான்.

அவ்வளவுதான் வசனம். அதற்கப்புறம் விமானமும் ஓட்டமும் சோளக்காடும்தான், எண்ணெய் லாரி மீது விமானம் மோதி வெடிக்கும்வரை இசைகூடக் கிடையாது. கார்கள் ஒவ்வொன்றாகக் கடந்து போவது உட்பட இதையெல்லாம் லேமன் தாளிலேயே விலாவாரியாக எழுதியிருந்தார். இவ்வளவு எழுத்து இருக்கிற காட்சியைத்தான் வசனமே இல்லாத காட்சி என்கிறோம்.

இதையெல்லாம் அவர் அலட்டிக்கொள்ளாமல் எழுதிவிட்டார் என்று நினைத்துவிட வேண்டாம். கடைசிப் பகுதிக்கு எப்படிப் போவது என்று தெரியாமல் வெகுநாள் முட்டி நின்றார். ஈவ் கைப்பையிலிருந்து துப்பாக்கியை எடுத்து எல்லோர் முன்னிலும் தார்ன்ஹில்லைச் சுடுகிறாள், ஆனால் அதில் இருப்பது வெற்றுத் தோட்டா என்ற எண்ணம் வந்த பிறகுதான் வழி திறந்தது.

நாடகத்திலிருந்து படம்: இடம் மாற்றி வைத்த பாட்டுகள்

ஏற்கெனவே இருக்கிற நாவல், நாடகம் போன்றவற்றை வைத்துத் திரைக்கதை எழுதுவதற்குத் தழுவல் என்று பெயர். லேமனின் பெரும்பாலான வேலை இதுதான். முதல் படம் 1954-இல் வந்த 'எக்சிகியூட்டிவ் சூட்', ஒரு நாவல். அதே ஆண்டில் இயக்குநர் பில்லி வைல்டரோடு 'சப்ரீனா', ஒரு நாடகம். 1956-இல் 'த கிங் அண்ட் ஐ', மேடை இசை நாடகம். இருப்பதை நகலெடுப்பதுதானே என்பவர்களுக்கு 1961-இல் வந்த 'வெஸ்ட் சைடு ஸ்டோரி' சரியான பதில்.

நியூயார்க் தெருக்களில் மோதிக்கொள்ளும் இரண்டு இளைஞர் கும்பல்கள், நடுவில் ஒரு காதல். மேடையில் முதல் பாதி முடிவில் இரண்டு பேர் கொல்லப்படுகிறார்கள், திரை விழுகிறது, இடைவேளை. ஜனங்கள் வெளியே போய் வந்து உட்கார்ந்த பிறகு, இரண்டாம் பாதியில் போலீஸ்காரரைக் கேலி செய்து கும்பல் பாடுகிற ஒரு நகைச்சுவைப் பாட்டு வரும். மேடையில் அது நன்றாகவே எடுபட்டது. சினிமாவில், நண்பன் செத்துக் கிடப்பதை குளோசப்பில் பார்த்த கையோடு அவர்கள் கூத்தடித்தால் பார்வையாளர் மனம் ஒட்டாது. லேமன் அந்தப் பாட்டைக் கொலைக்கு முன்னால் தூக்கிப் போட்டார். முன்பகுதியில் இருந்த 'கூல்' பாட்டைக் கொலைக்குப் பின்னால் கொண்டுவந்தார். அடக்கிக்கொள், நிதானமாக இரு என்று சொல்லும் பாட்டு அது. சண்டைக்கு முன் பாடும்போது அது எச்சரிக்கை. தலைவன் செத்த பிறகு, பயமும் ஆத்திரமும் பொங்க ஒரு கார் கொட்டகைக்குள் பாடும்போது கேட்கவே நடுக்கமாக இருக்கிறது.

'அமெரிக்கா' பாட்டும் அப்படித்தான். மேடையில் பெண்கள் மட்டும் பாடியது, படத்தில் ஆண்களும் பெண்களும் எதிரெதிராக நின்று வாதிடுகிறார்கள். நாடகத்தின் பாடலாசிரியர் ஸ்டீஃபன் சாண்ட்ஹைம் அதற்காக வரிகளை மாற்றி எழுதிக் கொடுத்தார். வந்தேறிகளுக்கு இந்த நாடு என்ன கொடுத்தது, என்ன மறுத்தது என்பது அப்போதுதான் விவாதமாகிறது.

'சவுண்ட் ஆஃப் மியூசிக்' கதையும் இதே போல. கன்னியர் மடத்திலிருந்து ஒரு வீட்டுப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள வருகிற மரியா, 'மை ஃபேவரிட் திங்ஸ்' பாட்டை மேடையில் மடத்துத் தலைவியோடு பாடுவார். படத்தில் அது இடிக்குப் பயந்து கட்டிலில் ஏறிக்கொண்ட குழந்தைகளுக்கான பாட்டு. பயப்படும்போது பிடித்ததை நினைத்துக்கொள் என்கிற பாட்டுக்கு, உண்மையிலேயே பயந்து நிற்கும் பிள்ளைகள் கிடைத்துவிட்டார்கள்! மேடையில் வரவேற்பறைக்குள் நடந்த 'டோ ரே மி', படத்தில் ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் ஊர் முழுக்கச் சுற்றி வருகிறது. ஒரே பாட்டு ஓடுகிற நேரத்துக்குள் பிள்ளைகள் வாயே திறக்காதவர்களிலிருந்து பாடகர்களாக மாறிவிடுகிறார்கள். நாடகத்தில் சில நாட்கள் எடுக்கும் மாற்றத்தை வசனமே இல்லாமல் தாண்டிவிடுகிற இந்த உத்தி எத்தனை முறை பார்த்தாலும் எனக்குச் சலிக்கவில்லை.

சுருக்கமாக: தழுவலில் எழுத்தாளர் செய்யும் வேலை, மூலத்தில் இருப்பதை எடுத்து, இருட்டில் உட்கார்ந்து தொடர்ச்சியாகப் பார்க்கிறவருக்கு ஏற்ப மறுபடி அடுக்குவது. சரியாகச் செய்தால் அது அங்கேயே பிறந்தது போல இருக்கும், அதனால்தான் கண்ணுக்குத் தெரிவதில்லை.

தயாரிப்பாளர் என்ன செய்கிறார்?

நம் ஊரில் தயாரிப்பாளர் என்றால் முதலாளி. கடன் வாங்குவதும் அவர், நஷ்டப்படுவதும் அவர். அந்தக் கால ஹாலிவுட்டில் ஏற்பாடு வேறு. எம்.ஜி.எம்., வார்னர், பாரமவுண்ட், ஃபாக்ஸ் போன்ற நிறுவனங்கள் நடிகர், எழுத்தாளர், இயக்குநர், தையற்காரர் எல்லோரையும் சம்பளத்துக்கு வைத்துக்கொண்டு ஒரே வளாகத்துக்குள் படமெடுத்தன. இதைத்தான் ஸ்டுடியோ முறை என்கிறோம். சென்னையில் ஜெமினி ஸ்டுடியோ தனக்கென்று ஒரு கதை இலாகாவே வைத்திருந்ததை நினைத்துக்கொண்டால் பிடிபடும். இந்த முறையில் பணம் ஸ்டுடியோவுடையது. தயாரிப்பாளர் என்பவர் பெரும்பாலும் அந்த ஸ்டுடியோ நியமித்த ஆள். கதையைத் தேர்ந்தெடுப்பது, எழுத்தாளரையும் இயக்குநரையும் நடிகர்களையும் சேர்ப்பது, செலவையும் சண்டையையும் கட்டுக்குள் வைப்பது, படம் வெளியாகும்வரை கூடவே நிற்பது எல்லாம் அவர் பொறுப்பு.

லேமன் இந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் படம் 1966-இல் வார்னர் வெளியிட்ட 'ஹூஸ் அஃப்ரெய்ட் ஆஃப் வெர்ஜீனியா வூல்ஃப்?'. எட்வர்ட் ஆல்பீயின் புகழ்பெற்ற நாடகம். ஒரே இரவு, ஒரு பேராசிரியரும் மனைவியும் விருந்தாளித் தம்பதி முன்னால் ஒருவரை ஒருவர் கிழித்தெடுக்கிறார்கள். எழுத்தாளராக இங்கே லேமன் கொஞ்சமாகத்தான் கை வைத்தார், ஆல்பீயின் வசனம் பெரும்பாலும் அப்படியே இருக்கிறது. தயாரிப்பாளராக அவர் எடுத்த முடிவுகள்தான் பெரியவை. ஐம்பதைத் தாண்டிய மனைவி வேடத்துக்கு, முப்பதுகளின் தொடக்கத்தில் இருந்த, உலகத்தின் பேரழகி என்று பெயரெடுத்த எலிசபெத் டெய்லர். அவருடைய நிஜக் கணவர் ரிச்சர்ட் பர்ட்டனே திரையிலும் கணவர். இயக்கியதோ அதுவரை ஒரு படம்கூட எடுக்காத, நாடக மேடையிலிருந்து வந்த மைக் நிக்கோல்ஸ்.

இன்னொரு தலைவலியும் இருந்தது. அன்றைக்கு ஹாலிவுட் தனக்குத்தானே போட்டுக்கொண்ட தணிக்கை விதிகள் நடைமுறையில் இருந்தன, எந்தச் சொல் வரலாம், வரக்கூடாது என்று பட்டியலே உண்டு. இந்த நாடகத்தின் பேச்சு அதற்குள் அடங்காது. பேச்சை மழுக்கினால் நாடகமே போச்சு. கடைசியில் விதிவிலக்கு கிடைத்தது, 18 வயதுக்குக் கீழே உள்ளவர்கள் பெரியவர்கள் துணையில்லாமல் வரக்கூடாது என்ற நிபந்தனையோடு வார்னர் வெளியிட்டது. இரண்டு ஆண்டில், 1968-இல், பழைய விதிகள் போய் வயது வாரியான சான்று முறை வந்துவிட்டது. படத்துக்கு 13 ஆஸ்கர் பரிந்துரைகள், 5 விருதுகள்.

அடுத்து ஃபாக்ஸுக்காக 'ஹலோ, டாலி!', 1969. மேடையில் டாலியாகக் கொடிகட்டிப் பறந்த கேரல் சேனிங்கை விட்டுவிட்டு, 26 வயது பார்ப்ரா ஸ்ட்ரைசாண்டை அந்த விதவைப் பாத்திரத்தில் போட்டார்கள். பழைய நியூயார்க் தெருவையே ஸ்டுடியோ வளாகத்தில் கட்டி எழுப்பினார்கள், செலவு சுமார் 2.5 கோடி டாலர். 3 ஆஸ்கர் வாங்கியும் வசூல் போதவில்லை. 1972-இல் 'போர்ட்னாய்ஸ் கம்ப்ளெயின்ட்' படத்தை எழுதி, தயாரித்து, இயக்கவும் செய்தார். விமர்சகர்களும் கைவிட்டார்கள், ஜனங்களும் வரவில்லை. அதற்கப்புறம் அவர் எதையும் இயக்கவில்லை.

இத்தனை வகை எழுதினால் தனக்கென்று முத்திரை இருக்காதா?

கம்பெனி நிர்வாகிகள் மோதிக்கொள்ளும் படம், காதல் நகைச்சுவை, குத்துச்சண்டை வீரரின் கதை, உளவாளிப் படம், இசைப் படம், கணவன் மனைவி சண்டை. இப்படி எல்லாம் எழுதுகிறவருக்குச் சொந்தக் குரல் கிடையாது, கொடுத்ததைச் செய்கிற தொழில்காரர் என்று எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. கொஞ்சம் தள்ளி நின்று பாருங்கள்: கோடீஸ்வரர் வீட்டில் கார் ஓட்டுநரின் மகள், சயாம் அரண்மனையில் ஆங்கில ஆசிரியை, ராணுவ ஒழுங்கில் ஓடுகிற வீட்டில் மடத்துப் பெண், உளவாளிகள் நடுவே விளம்பரக்காரர், சர்வாதிகாரியின் மேஜையில் பிரஸ் ஏஜென்ட். தனக்குச் சம்பந்தமில்லாத அதிகாரத்தின் வீட்டுக்குள் மாட்டிக்கொண்டவர்கள்தான் அவரை இழுத்திருக்கிறார்கள். மூலக் கதை வேறொருவருடையது என்றாலும் எதை ஏற்றுக்கொள்வது என்ற தேர்வு அவருடையதுதானே.

திரைக்கதைக்கு நான்கு, தயாரிப்புக்கு இரண்டு என ஆறு முறை அவர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார், ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. 'வெஸ்ட் சைடு ஸ்டோரி'க்கு 11 பரிந்துரைகளில் 10 கிடைத்தன, தவறிய அந்த ஒன்று லேமனின் திரைக்கதை. 'சவுண்ட் ஆஃப் மியூசிக்' சிறந்த படமானபோது திரைக்கதை பரிந்துரைப் பட்டியலிலேயே இல்லை. பிறகு 2001-இல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள், திரைக்கதைப் பணிக்காக அந்தக் கௌரவம் பெற்ற முதல் எழுத்தாளர் அவர். மேடையில் அவர் விமர்சகர்களிடம் கேட்டுக்கொண்டது, ஒரு படம் திரைக்கதையில்தான் தொடங்குகிறது, அதில்தான் முடிகிறது என்பதை மறக்காதீர்கள் என்று.

எதிலிருந்து பார்க்கலாம்?

முதலில் 'நார்த் பை நார்த்வெஸ்ட்'. ஒருமுறை சும்மா ரசித்துப் பார்த்துவிடுங்கள். இரண்டாம் முறை பார்க்கும்போது, நமக்கு மட்டும் தெரிந்து தார்ன்ஹில்லுக்குத் தெரியாத விஷயங்கள் எந்தெந்த இடத்தில் கிடைக்கின்றன என்று குறித்துக்கொண்டே போங்கள். அப்புறம் 'வெஸ்ட் சைடு ஸ்டோரி'யை எடுத்து, மேடை நாடகத்தின் பாட்டு வரிசையைத் தேடிப் பக்கத்தில் வைத்துக்கொண்டு எது எங்கே போயிருக்கிறது என்று ஒப்பிடுங்கள். 'வெர்ஜீனியா வூல்ஃப்' கனமான படம், குழந்தைகள் தூங்கிய பிறகு பாருங்கள்.